ஜெபாராச் சாலையில் ஒரு "ஓம்"

பஸ் டிரைவரிடம் ஹாரன் அடிக்கச் சொல்லிப் பிள்ளைகள் கத்தும் இந்தோனேசிய வீடியோக்கள் இணையத்தில் பரவின அல்லவா, அவற்றில் எடுக்கும்போதே நான் நேரில் பார்த்தது ஒன்றே ஒன்றுதான்.

2018இல் தேக்குத் தளபாடம் வாங்கும் வேலையாக ஜெபாராவுக்குப் போயிருந்தேன். நடு ஜாவாவின் வடகரையில் உள்ள ஊர், மரச் செதுக்கலுக்குப் பேர் போனது. ஜகார்த்தாவுக்குப் போகும் இரவுப் பஸ்கள் அங்கிருந்து பிற்பகலிலேயே கிளம்பிவிடும். நான் தேநீர் குடித்துக்கொண்டிருந்த கடைக்கு எதிரே பள்ளிச் சீருடையைக்கூடக் கழற்றாத ஏழெட்டுப் பிள்ளைகள் நின்றிருந்தார்கள். ஒருவன் கையில் நூடுல்ஸ் பெட்டியைக் கிழித்த அட்டை; "ஓம் தெலோலெட் ஓம்" என்று அதில் எழுதியிருந்தது. கடைசி எழுத்துகளுக்கு இடம் போதாமல் ஓரத்தில் நெருக்கியிருந்தான்.

யாழ்ப்பாணத்துக்காரனான எனக்கு "ஓம்" என்றால் ஆம். அங்கே அது மாமா. டச்சுக்காரர் விட்டுப்போன சொல். தெலோலெட் என்பது பஸ்ஸின் இசை ஹாரன் எழுப்பும் ஒலி. டிரைவர் மாமாவிடம் ஹாரன் அடிக்கச் சொல்லிக் கெஞ்சுகிறார்கள், அவ்வளவுதான். 2016 டிசம்பரில் இந்தச் சொற்றொடரை இந்தோனேசியர்கள் வெளிநாட்டு இசைக்கலைஞர்களின் பக்கங்களிலெல்லாம் கொண்டுபோய்க் கொட்ட, செட், மார்ஷ்மெலோ போன்ற டிஜேக்களே அதைத் திருப்பி எழுதினார்கள். அர்த்தம் தெரிந்து எழுதினார்களா என்பது வேறு கதை.

முதல் பஸ் பேசாமல் போய்விட்டது. பிள்ளைகள் சலிக்கவில்லை. விரிசல் விழுந்த போனை ஒரு சிறுமி இரு கைகளாலும் கிடையாகப் பிடித்தபடி நின்றாள். அடுத்த பஸ்ஸின் விளக்கு தூரத்திலேயே இருமுறை மின்னியது. "வருது" என்பதற்கு அதுதான் அடையாளம் போலும், எல்லோரும் குதித்தார்கள். பிறகு அந்த ஒலி! குழல் குழலாக மாறி மாறி ஏறி இறங்கி, என் கையிலிருந்த கண்ணாடிக் குவளை அதிர்ந்தது. பஸ் போன பிறகுதான் நானும் எழுந்து நின்று கத்தியிருக்கிறேன் என்பது தெரிந்தது.

பின்னாளில் அந்த ஹாரன்கள் முழுப் பாட்டே வாசிக்கத் தொடங்கின. "பசூரி" என்கிறார்கள். ஆனால் பஸ்ஸைத் துரத்திய குழந்தை ஒன்று மெராக் துறைமுகப் பக்கம் இறந்த பிறகு, 2024இல் போக்குவரத்து அமைச்சு தெலோலெட்டுக்குத் தடை போட்டது. பிரேக்குக்கான காற்றையே ஹாரனும் குடித்துவிடும் என்பது அவர்கள் சொன்ன இன்னொரு காரணம். தடை சரிதான். அந்தக் குவளை அதிர்ந்ததை நினைத்தால் மட்டும் மனம் கேட்பதில்லை.

அந்தச் சிறுமி எடுத்ததை எனக்கும் அனுப்பிவைத்தாள். பத்து வினாடிகூட இல்லை. பஸ்ஸில் பாதிதான் தெரிகிறது. ஹாரனுக்கு மேலே என் குரல் கேட்கிறது. வீட்டில் போட்டுக் காட்டினேன். மகள் இரண்டாம் முறையும் கேட்டுவிட்டு, "அப்பா, இவ்வளவு சத்தமாக யாருக்கு ஓம் சொல்லுகிறீர்கள்?" என்றாள்.