பவர் எலக்ட்ரானிக்ஸ்: சொலூஷன் மேனுவலை எப்படிப் பயன்படுத்துவது?

கேள்வி (மலேசியாவின் சுங்கை சிப்புட், டிப்ளோமா மாணவர்): அண்ணன்மாரே, பாடப்புத்தகக் கணக்குகளுக்கு விடை வழிமுறை தரும் சொலூஷன் மேனுவலைப் பார்த்தால் எல்லாம் புரிகிறது. மூடிவிட்டால் பக் கன்வர்ட்டர் (டிசி வோல்டேஜைக் குறைக்கும் சர்க்யூட்) கணக்கில் முதல் வரியே வர மாட்டேங்குது. என்ன செய்யலாம்?

பதில் 1: தம்பி, முதலில் ஸ்விட்ச் ஆன், ஆஃப் இரண்டுக்கும் தனித்தனி சர்க்யூட் வரைந்து, இண்டக்டர் வோல்டேஜ், கரண்ட் அலைவடிவங்களைப் போடுங்க. அதன் பிறகுதான் மேனுவல், அதுவும் ஒரு வரி மட்டும். மீதியைத் தாளால் மறைங்க.

உதாரணம்: 24 வோல்ட் உள்ளே, டியூட்டி (ஒரு சுழற்சியில் ஸ்விட்ச் ஆனில் இருக்கும் பங்கு) 0.5, ஸ்விட்சிங் 50 கிலோஹெர்ட்ஸ், இண்டக்டர் 100 மைக்ரோஹென்றி. வெளியே 24 × 0.5 = 12 வோல்ட், ரிப்பிள் (இண்டக்டர் கரண்ட்டின் ஏற்ற இறக்கம்) 1.2 ஆம்பியர். இதோடு நிறுத்தாதீங்க. லோடை 40 ஓம் ஆக்கிப் பாருங்க. சராசரி கரண்ட், ரிப்பிளில் பாதியான 0.6 ஆம்பியருக்குக் கீழே போவதால், ஒவ்வொரு சுழற்சியிலும் இண்டக்டர் கரண்ட் சுழியில் கொஞ்ச நேரம் நிற்கும். வெளியீடு 12 அல்ல, ஏறக்குறைய 14.8 வோல்ட். மேனுவல் சூத்திரத்தை அப்படியே போடுகிறவர்கள் வழுக்குவது இங்கேதான்.

பதில் 2: அமெரிக்கப் புத்தகமென்றால் பெரும்பாலும் 120 வோல்ட், 60 ஹெர்ட்ஸ். அதே கணக்கை நம்ம 230 வோல்ட், 50 ஹெர்ட்ஸுக்கு மாற்றிப் போடுங்க. ஃபுல்வேவ் டயோட் ரெக்டிஃபையரின் (ஏசியை டிசியாக்கும் சர்க்யூட்) சராசரி வெளியீடு 108-இலிருந்து 207 வோல்ட்டாகும். மேனுவலைப் பார்த்து எழுத முடியாது, அதனால்தான் இது நல்ல பயிற்சி.

பதில் 3: மேனுவலிலும் பிழை உண்டு. சந்தேகம் வந்தால் எல்டிஸ்பைஸ் என்ற சர்க்யூட் சிமுலேஷன் மென்பொருளில் ஓட்டுங்க; ஆனால் ஆரம்பத் தள்ளாட்டம் அடங்கிய பிறகே அளக்கணும்.