'ஸ்பை' கேலி செய்தாரா, கும்பிடு போட்டாரா?

கரித்துண்டு:
லண்டனின் 'வேனிட்டி ஃபேர்' வார இதழில் 1873 முதல் சுமார் நாற்பது ஆண்டுகள் 'ஸ்பை' என்று கையெழுத்திட்டு வரைந்தவர் லெஸ்லி வார்டு. அவரைப் பெரிய கேலிச்சித்திரக்காரர் என்று இங்கே ஆளாளுக்குக் கொண்டாடுகிறீர்கள். அவருக்கு முன்பே அங்கே 'ஏப்' என்ற பெயரில் கார்லோ பெல்லெக்ரீனி வரைந்துகொண்டிருந்தார். 1869 ஜனவரியில் அவர் வரைந்த பிரிட்டிஷ் அரசியல்வாதி டிஸ்ரேலியைப் பாருங்கள், அதில் குறும்பு இருக்கிறது. வார்டின் பிற்காலப் படங்களோ தையற்கடை விளம்பரம்: மடிப்புக் கலையாத கோட்டு, பளபளக்கும் பூட்ஸ், உள்ளே ஒரு பிரபு.

ஓரப்பார்வை:
தையற்கடையா? நாவலாசிரியர் ட்ரோலப்பிடம் கேட்டிருக்க வேண்டும்! நண்பர் ஒருவர் வீட்டுக்கு இருவரும் விருந்தாளிகளாகப் போயிருந்தார்கள். உலாவப் போனபோது வார்டு கூடவே நடந்தபடி ட்ரோலப்பைக் கண்ணால் அளந்துகொண்டிருந்தார். சுருட்டைப் பிடிக்கும்போது ட்ரோலப்பின் கட்டைவிரல் விறைத்து நிமிர்ந்து நிற்கும். அதுகூடத் தப்பவில்லை. 1873இல் படம் வெளிவந்ததும் ட்ரோலப்புக்கு வந்ததே கோபம்! வார்டே தம் நினைவுக்குறிப்பில் எழுதியிருக்கிறார். நீதிமன்றம், நாடாளுமன்றம், குதிரைப் பந்தயம் என்று போய் ஆளைப் பார்த்து, மனத்தில் பதித்துக்கொண்டு வந்து வரைவார். 'ஒற்றன்' என்ற பெயர் சும்மா வரவில்லை.

அச்சுமை:
குறுக்கிடுவதற்கு மன்னிக்கவும். அந்தப் பெயர் சும்மா வந்ததுதான். இதழின் நிறுவனர் பௌல்ஸ் அகராதியை நீட்டினார், பிரித்த பக்கத்தில் வார்டின் கண் அந்தச் சொல்லில் விழுந்தது. இன்னொன்று: அவர் வரைந்தது நீர்வண்ணத்தில், இதழோடு வந்தது அதன் வண்ணக் கல்லச்சு. கோடு மழுங்கியிருக்கிறது என்று தீர்ப்புச் சொல்லும் முன் லண்டன் தேசிய உருவப்பட அரங்கில் இருக்கும் மூலங்களைப் பார்ப்பது நல்லது.

கரித்துண்டு:
கோடு மழுங்கியதைப் பற்றி நான் பேசவே இல்லை ஐயா. ட்ரோலப் படம் வார்டு இதழில் சேர்ந்த வருடத்துப் படம், அப்போது பல் இருந்தது. பிறகு பெரிய மனிதர்கள் தாங்களாகவே அவருடைய ஓவியக்கூடத்துக்கு வந்து நின்றார்கள். எதிரே வந்து நிற்பவரின் மூக்கை எவ்வளவு நீட்ட முடியும்? தம் படங்களுக்கு அவரே 'குணச்சித்திர உருவப்படம்' என்று பெயர் மாற்றிக்கொண்டார். 1918இல் 'சர்' பட்டமும் வந்துவிட்டது. கடிக்கிற நாய்க்கு யாராவது மாலை போடுவார்களா?

ஓரப்பார்வை:
'பஞ்ச்' நகைச்சுவை இதழின் கேலிச்சித்திரக்காரர் டென்னியலுக்கும் 1893இல் அதே மாலை விழுந்தது. அவரையும் பல் பிடுங்கிய கணக்கில் சேர்த்துவிடுவீர்களா?

கரித்துண்டு:
டென்னியலை மறந்துதான் போனேன். பட்ட வாதத்தைத் திரும்பப் பெற்றுக்கொள்கிறேன், மற்றதை அல்ல. வார்டு வரைந்த நீதிபதிகளைச் சட்டம் போட்டு அறையில் மாட்டிக்கொள்பவர்கள் யார்? வழக்கறிஞர்கள்தானே! தன் இனத்தைக் குத்திய படத்தை எவனாவது காசு கொடுத்து வாங்கி மாட்டுவானா?

ஓரப்பார்வை:
ட்ரோலப் மாட்டியிருக்க மாட்டார்.