ஒரே ஒரு சாட்சியத்தை வைத்துத் தண்டிக்க முடியுமா?

மலர்:
பாலியல் வன்கொடுமை வழக்கில் பாதிக்கப்பட்டவரின் சாட்சியம் மட்டும் போதுமா? “ஒருத்தி சொன்னா உள்ள தூக்கிப் போட்டுடுவாங்களா?” என்று மாமா வீட்டில் ஒரே சண்டை.

ராகவன்:
போதும், ஆனால் நீதிபதிக்கு அது நம்பும்படி இருக்க வேண்டும். 1996இல் ஒரு பஞ்சாப் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகவே சொல்லிவிட்டது. பத்தாம் வகுப்புப் பரீட்சை எழுதிவிட்டு வந்த பெண்ணைக் காரில் கடத்தியிருந்தார்கள். வண்டி ஃபியட்டா, அம்பாசடரா, மாஸ்டரா என்று அவளுக்குப் பிரித்துச் சொல்லத் தெரியவில்லை என்பதையும் ஒரு காரணமாகப் பிடித்துக்கொண்டு கீழ்நீதிமன்றம் எல்லோரையும் விட்டுவிட்டது. கார் மாடல் தெரியாததற்கு ஒரு விடுதலை! உச்ச நீதிமன்றம்தான் அதை ரத்து செய்து தண்டித்தது.

செல்வி அக்கா:
அதே தீர்ப்பில் தண்டனையைப் பார்த்தீர்களா தம்பி? சட்டத்தில் அப்போதே குறைந்தபட்சம் 7 வருஷம். இவர்களுக்கு 5தான். வருஷம் ஓடிவிட்டது, அவர்களுக்குக் கல்யாணமும் ஆகியிருக்கும் என்பதெல்லாம் காரணம். 2013 திருத்தத்தில் அப்படிக் குறைக்கிற வழியை அடைத்தார்கள், 2018இல் குறைந்தபட்சம் 10 ஆனது.

ராகவன்:
சரிதான் அக்கா. ஆனால் தாமதத்துக்கு என்ன செய்வது? தர்மபுரி மாவட்டத்துப் பழங்குடி கிராமமான வாச்சாத்தியில் வனத்துறை, போலீஸ் ஆட்கள் புகுந்து பெண்களை வன்கொடுமை செய்தது 1992, தீர்ப்பு வந்தது 2011. அதற்குள் குற்றம் சாட்டப்பட்ட 269 பேரில் 54 பேர் செத்தே போய்விட்டார்கள்.

மலர்:
மாமாவிடம் அந்தக் கார் கதையைச் சொன்னேன். “எனக்கே மாஸ்டர் கார் எப்படி இருக்கும்னு தெரியாதே” என்கிறார்.