நைட்டி என்ன நிறம்?

டப்ளின் அக்கா: எதிர்வீட்டுப் பாட்டியோடு டீ குடித்துவிட்டு இப்போதுதான் வந்தேன். இங்கே அயர்லாந்து டிவியில் 'தி லேட் லேட் ஷோ' என்று ஒன்று. அதைப் பற்றி ஆரம்பித்தால் பாட்டி நிறுத்தவே மாட்டார்.

பெரியப்பா: எந்தக் காலத்து நிகழ்ச்சிம்மா?

டப்ளின் அக்கா: 1962 ஜூலையில் ஆரம்பித்தது பெரியப்பா. கோடைக்கு மட்டும் என்றுதான் நினைத்தார்களாம், இன்னும் ஓடுகிறது. நடுவில் கொஞ்ச காலம் தவிர 1999 வரை கே பர்ன் என்பவர்தான் நடத்தினார். பாட்டு, அரட்டை, சண்டை எல்லாமே நேரலை.

தம்பி: சண்டையா? முதலில் அதைச் சொல்.

டப்ளின் அக்கா: 1966இல் தம்பதிகளுக்கு ஒரு விளையாட்டு வைத்தார். முதலிரவில் என்ன நிற நைட்டி போட்டிருந்தீர்கள் என்று ஒரு மனைவியிடம் கேட்டார். நினைவில்லை, ஒருவேளை எதுவுமே போட்டிருக்கவில்லையோ என்னவோ என்றார் அந்த அம்மா.

சித்தி: ஐயய்யோ, பெரியவர்கள் இருக்கிற குரூப் இது 🙈

டப்ளின் அக்கா: க்ளோன்ஃபர்ட் பிஷப்பும் உங்களைப் போலத்தான் சித்தி 😄 மறுநாள் பிரசங்கத்திலேயே கண்டித்துவிட்டார். கே பர்ன் வருத்தம் தெரிவிக்க வேண்டியதாயிற்று.

பெரியம்மா: நைட்டிக்கா இத்தனை கலாட்டா? நான் பால் வாங்கப் போவதே நைட்டியில்தான்.

தம்பி: மேலே துண்டு போட்டுக்கொள்கிறீர்களே பெரியம்மா, அது கணக்கில் வராது.

டப்ளின் அக்கா: எனக்குப் பிடித்தது 1971 மார்ச்தான். பெண் விடுதலை இயக்கத்தினர் வந்து பேசினார்கள். கருத்தடைச் சாதனம் விற்கக் கூடாது, கல்யாணமானால் அரசு வேலை போய்விடும், அப்படியிருந்த நாடு இது. பேச்சு அரசியல்வாதிகள் பக்கம் திரும்பியதும், வீட்டில் பார்த்துக்கொண்டிருந்த கேரட் ஃபிட்ஸ்ஜெரால்டுக்குப் பொறுக்கவில்லை. காரை எடுத்துக்கொண்டு நேராக ஸ்டுடியோவுக்கே வந்துவிட்டார்! அப்புறம் ஒரே கூச்சல்.

பெரியப்பா: யார் அவர்?

டப்ளின் அக்கா: அப்போது எம்.பி., 1981இல் பிரதமர்.

சித்தி: கல்யாணமானால் வேலை போய்விடுமா?

டப்ளின் அக்கா: 1973 வரை அப்படித்தான் சித்தி. பாட்டிக்கே அப்படிப் போனதுதான். அன்றைக்கு டிவி முன்னால் உட்கார்ந்து கைதட்டினாராம். தாத்தா எழுந்துபோய்ப் படுத்துவிட்டாராம். மறுநாள் காலையில் அவரே டீ போட்டுக் கொடுத்தாராம், ஒன்றும் பேசவில்லையாம்.

பெரியம்மா: நல்ல மனுஷன். அந்தப் பாட்டிக்கு ஒரு காட்டன் நைட்டி தைத்து அனுப்புகிறேன். அளவு மட்டும் கேட்டுச் சொல்.

டப்ளின் அக்கா: அளவு கேட்கிறேன் பெரியம்மா. நிறம் மட்டும் கேட்கச் சொல்லாதீர்கள் 😄