வாசலில் குல்மொஹர் வைக்கலாமா, நாட்டு மரமா?

கேள்வி: சென்னை, கடலிலிருந்து 2 கி.மீ., மணல் மண். காம்பவுண்டு சுவருக்கும் வீட்டுக்கும் நடுவே 12 அடி. நிழலும் பூவும் வேண்டும். குல்மொஹர் ஒத்துவருமா?

வேர்முடிச்சு (பதில் சொல்பவரின் புனைபெயர்): வேண்டாங்க. அது மடகாஸ்கர் மரம். வேர் மேலோட்டமாகப் படர்ந்து தரையைத் தூக்கும், கிளை சட்டென முறியும். 2016 வர்தா புயலில் இங்கே எத்தனை சாய்ந்தன என்று ஊரே பார்த்தது. மகிழம் வையுங்கள். வளர்ச்சி மெதுவுதான், ஆனால் உப்புக்காற்று தாங்கும், வருடம் முழுக்க அடர்நிழல். சுவரிலிருந்து 6 அடியாவது தள்ளி நடுங்கள்.

செம்மண் (பதில் சொல்லும் இன்னொருவரின் புனைபெயர்): குழி 2 அடிக்கு 2 அடி. தோண்டிய மண்ணோடு மூன்றில் ஒரு பங்கு மக்கிய தொழு உரம், கால் கிலோ வேப்பம் புண்ணாக்கு. கன்று இருக்கும் பையைக் கிழித்ததும் அடியைப் பாருங்கள்: வேர் வட்டமாகச் சுற்றியிருந்தால் அந்தச் சுருளை வெட்டிவிடுங்கள். அப்படியே நட்டால் வேர் வெளியே ஓடாது. நான்கைந்து வருடம் கழித்து காற்றில் மரம் சாயும். தண்டின் கழுத்து (தண்டும் வேரும் சேரும் இடம்) மண்ணுக்குள் புதையக் கூடாது, அழுகும்.

கேட்டவர்: நன்றி. கூடவே சரக்கொன்றையும் வைக்க ஆசை. விதை போட்டு 2 மாதம் ஆகியும் முளைக்கவில்லை.

வேர்முடிச்சு: தோல் கெட்டி, தண்ணீர் உள்ளே போகாது. உப்புத்தாளில் ஒரு ஓரத்தை மட்டும், பழுப்பு போய் வெளிர்நிறம் தெரியும்வரை தேயுங்கள். முளை இருக்கும் கூர்முனையைத் தொடாதீர்கள். இரவு முழுக்க ஊறவையுங்கள். உப்பியதை அரை அங்குல ஆழத்தில் போடுங்கள், உப்பாததை மறுபடி தேயுங்கள்.