பதில்: ‘பிரைவேட் செஷன்’ – ஒரு சொல் போதாது, இரண்டு வேண்டும்

அன்புள்ள அக்காமார், அண்ணாமார், தம்பி தங்கைகளுக்கு,

விண்வெளித் தேடல் விளையாட்டுகளுக்கான தமிழ்க் கையேட்டுக்கு, ‘பிரைவேட் செஷன்’ (சேர்த்துக்கொண்டவர்கள் மட்டும் கூடி ஆடும் ஆட்டம்) என்பதற்குத் தமிழ்ச் சொல் கேட்டு எழுதிய மடலுக்கு இவ்வளவு பதில் வந்ததில் மிகுந்த மகிழ்ச்சி. தனியறை, தனிப்பட்ட அமர்வு, தனியார் அமர்வு, அந்தரங்கக் குழு, வளவு (வேலி அடைத்த வீட்டு நிலம்) ஆகியவை இழையில் வந்திருக்கின்றன. ‘தனியார் அமர்வு’ என்பதை உடனே விட்டுவிடலாம். நம் ஊரில் தனியார் என்றால் தனியார் பஸ், தனியார் கல்வி நிலையம். காசு கட்டிச் சேரும் இடம் என்றுதான் பிள்ளைகள் எடுத்துக்கொள்வார்கள். மற்றவற்றை அப்படி லேசாகத் தள்ள முடியாது.

சொல்லைத் தெரிவதற்கு முன் பொருளைப் பிரித்துப் பார்க்க வேண்டும். ஆங்கிலத்தில் ‘பிரைவேட்’ என்ற ஒரே பெயரில் இரண்டு வேறு ஏற்பாடுகள் ஓடுகின்றன. இரண்டுக்கும் ஒரே தமிழ்ச் சொல்லை வைத்தால் அந்தக் குழப்பமும் நம் கையேட்டுக்குள் வந்துவிடும்.

அஸ்ட்ரோனியர், ஸ்பேஸ் எஞ்சினியர்ஸ் போன்ற விளையாட்டுகளில் ஒருவர் தன் கணினியில் ஓர் உலகைத் தொடங்குகிறார். கோள்கள், கட்டிய தளம், சேர்த்த வளம் எல்லாம் அவருடைய சேமிப்புக் கோப்பில் இருக்கும். நண்பர்கள் அதற்குள் வருகிறார்கள். அவர் விளையாட்டை மூடினால் எல்லோரும் வெளியே. ஸ்பேஸ் எஞ்சினியர்ஸில் அந்த உலகின் அமைப்புப் பக்கத்திலேயே யார் வரலாம் என்று தீர்மானிக்கலாம்: ஒருவரும் வேண்டாம், அழைத்தவர் மட்டும், நண்பர்கள், எல்லோரும். அஸ்ட்ரோனியரில் ஒருவர் நடத்தும் ஆட்டத்தில் 4 பேர் வரை சேரலாம். அதற்கென்றே எந்நேரமும் ஓடும் சேவையகம் (சர்வர்) ஒன்றை வைத்தால் 8 பேர் வரை, கடவுச்சொல்லும் போடலாம். இங்கே பிரிந்து நிற்பது உலகமேதான். பக்கத்து வீட்டுப் பிள்ளை தன் கணினியில் என்ன கட்டினாலும் உங்கள் கோளில் ஒரு கல்லும் அசையாது.

எலைட் டேஞ்சரஸ் இப்படிப்பட்டதல்ல. கையேட்டில் அதிக பக்கங்கள் அதற்குத்தான் போகின்றன, ஆகவே கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன். 2014 டிசம்பரில் வெளிவந்த அந்த விளையாட்டில் நம் பால்வீதியே உண்மை அளவில் இருக்கிறது, ஏறத்தாழ 400 பில்லியன் விண்மீன் தொகுதிகளோடு. உள்ளே போகும்போது மூன்று வழிகள் கேட்கும்: எல்லோருக்கும் திறந்த ஆட்டம், பிரைவேட் குறூப், தனியொருவர் ஆட்டம். மூன்றிலும் நீங்கள் அதே தளபதி (ஆட்டக்காரரை விளையாட்டு அழைக்கும் பெயர்), அதே கப்பல், அதே பணம். முதன்மைப் பட்டிக்கு (மெயின் மெனு) வந்து ஒன்றிலிருந்து மற்றதற்கு எப்போதும் மாறலாம். முக்கியமானது, மூன்று வழிக்காரருக்கும் இருப்பது ஒரே பால்வீதி. நீங்கள் ஒரு நிலையத்தில் சரக்கு விற்றால் அங்குள்ள கட்சிகளின் செல்வாக்கு கூடும், குறையும். அந்த மாற்றம், உங்களைக் கண்ணாலும் காணாத திறந்த ஆட்டக்காரருக்கும் அப்படியே தெரியும். வெளிவருவதற்கு ஒரு மாதம் முன்னர், 2014 நவம்பரில், இணையம் இல்லாமல் ஆடும் வழி இராது என்று அறிவித்தபோது பணம் கொடுத்து ஆதரித்தவர்களில் பலர் கொதித்தார்கள். காரணம் இந்த ஒரே பால்வீதிதான். தனியொருவராக ஆடினாலும் இணைப்பு வேண்டும். மழைக்குக் கைபேசிக் கோபுரம் படுத்தால் ஆட்டமும் படுக்கும் என்பதை நம் பக்கத்துப் பிள்ளைகளுக்குக் கையேட்டின் முதற் பக்கத்திலேயே சொல்ல வேண்டும்.

இப்போது ‘தனியறை’யை இங்கே பொருத்திப் பாருங்கள். புதிதாக ஆடும் பிள்ளை ஒன்று தொலைதூரம் போய், எரிபொருள் அள்ள முடியாத பழுப்புக் குறுவிண்மீன் ஒன்றின் பக்கத்தில் தாங்கி வற்றி நிற்கிறது என்று வைத்துக்கொள்வோம். எரிபொருள் கொண்டுவந்து கொடுப்பதையே தொண்டாகச் செய்யும் ‘ஃபியூவல் ராட்ஸ்’ என்ற ஆட்டக்காரர் கூட்டம் இருக்கிறது. அவர்களில் ஒருவர் அதே விண்மீனுக்கு வந்துவிட்டார். பிள்ளை பிரைவேட் குறூப்பில் நிற்கிறது, வந்தவர் திறந்த ஆட்டத்தில் நிற்கிறார். ஒரே இடம், ஒரே நேரம், ஆனால் ஒருவரை ஒருவர் காண முடியாது. ‘தனியறைக்குள் நிற்கிறாய்’ என்று கையேடு சொல்லியிருந்தால் பிள்ளை, தான் வேறெங்கோ நிற்பதாகவும் உதவிக்கு வந்தவருக்கு வழி தவறிவிட்டதாகவும் நினைக்கும். உண்மையில் இடம் சரி. யார் கண்ணுக்கு யார் படலாம் என்ற அனுமதிதான் வேறு. இந்த வகைக்கு வைக்கும் சொல்லில் அந்த அனுமதி இருக்க வேண்டும், இடம் இருக்கக் கூடாது.

அதனால்தான் எனக்கு மிகவும் பிடித்த ‘வளவு’வை இந்த இரண்டாம் வகைக்கு ஏற்க முடியவில்லை. மாங்குளத்து அண்ணை எழுதியது:

> வளவு எண்டா எங்கட பிள்ளையளுக்கு உடன விளங்கும். வேலி இருக்கு, படலை இருக்கு, வீட்டுக்காரர் திறந்தாத்தான் உள்ள போகலாம்.

அண்ணை, நீங்கள் சொன்னது முற்றிலும் சரி. ஆனால் அது முதல் வகைக்கே சரி. அஸ்ட்ரோனியர் உலகுக்கு உரிமைக்காரர் இருக்கிறார், எல்லை இருக்கிறது, அவர் படலையைச் சாத்தினால் உள்ளே ஒருவரும் இல்லை. எலைட்டில் அப்படி ஒரு வேலி கிடையாது. ஒரு குழுவை உருவாக்கியவர் இணைப்பில் இல்லாவிட்டாலும் உறுப்பினர்கள் அந்தக் குழுவில் நுழைந்து ஆடலாம். ஆகவே என் முன்மொழிவு: ஒருவரின் சேமிப்பில் வாழும் உலகுக்கு ‘வளவு’. தமிழகத்து நண்பர்களுக்கு இது அந்நியமாக இராது என்று நம்புகிறேன். செட்டிநாட்டு வீடுகளிலும் வளவு உண்டு. நடத்துபவர் ‘வளவுக்காரர்’. எந்நேரமும் ஓடும் சேவையகத்தில் வைத்தால் ‘திறந்திருக்கும் வளவு’ என்று நீட்டாமல் ‘நிலைவளவு’ என்று சொல்லிவிடலாம்.

இரண்டாம் வகைக்கு ‘இசைவுக்குழு’ என்று வைக்கக் கேட்கிறேன். ஏன் இசைவு என்பதற்கு விளையாட்டின் நடைமுறையே பதில். எலைட்டில் குழுவுக்குக் கடவுச்சொல் கிடையாது. ஒவ்வொரு தளபதியின் பெயரிலும் ஒரு குழு இருக்கும். சேர விரும்புபவர் பிரைவேட் குறூப் பட்டியில் அந்தத் தளபதியின் பெயரைத் தட்டிக் கோரிக்கை அனுப்ப வேண்டும். அவர் இசைந்தால் உறுப்பினர், பிறகு ஒத்துவராவிட்டால் நீக்கவும் முடியும். கோருதல், இசைதல், நீக்குதல். ‘இசைவுக் கோரிக்கை’, ‘இசைவுப் பட்டியல்’ என்று அடுத்த சொற்களும் சிரமமில்லாமல் வந்துவிடுகின்றன.

‘அந்தரங்கக் குழு’ வேண்டாம் என்று அழுத்தமாகச் சொல்கிறேன். பதினைந்து வயதுப் பிள்ளை வீட்டில் ‘அந்தரங்கக் குழுவில் விளையாடுகிறேன்’ என்று சொன்னால் தாய் தகப்பன் என்ன நினைப்பார்கள்? இங்கே மறைக்க ஒன்றும் இல்லை. ஆளை ஆள் சுடுவதில்லை என்ற ஒரே உடன்பாட்டில் ஆயிரக்கணக்கானோர் சேர்ந்திருக்கும் குழுக்களும் இந்த விளையாட்டில் உண்டு. அவற்றில் சேரும் வழி எல்லோருக்கும் தெரிந்ததே.

நோ மேன்ஸ் ஸ்கை இரண்டுக்கும் நடுவில் நிற்கிறது. உங்கள் ஆட்டத்தில் யார் சேரலாம் என்று கட்டுப்படுத்தலாம், ஆனால் முன்னால் போனவர் ஒரு கோளுக்கு வைத்த பெயர் உங்களுக்கும் வரும். என் கணக்கில் அது இசைவின் பக்கமே.

இன்னொரு சொல்லும் உடனே தேவைப்படுகிறது. ஒரே இசைவுக்குழுவில், ஒரே நிலையத்தில் நின்றும் இருவர் சந்திக்காமல் போவது உண்டு. எலைட்டில் ஆட்டக்காரரின் கணினிகள் ஒன்றோடொன்று நேரடியாகப் பேசுகின்றன. அருகில் நிற்பவர்களைச் சிறு சிறு தொகுதியாகச் சேர்ப்பதைச் சேவையகம் செய்கிறது. அந்தத் தொகுதிக்குத்தான் ‘இன்ஸ்டன்ஸ்’ என்கிறார்கள். நான் ‘களம்’ என்று எழுதியிருக்கிறேன். ‘நாம் வேறு வேறு களத்தில் நிற்கிறோம்’ என்றால் விளங்குகிறது. நம் பக்கத்தில் இது அடிக்கடி வரும் தொல்லை. பல வீடுகளில் இணையம் சிம் போட்ட டொங்கிளில்தான். கைபேசி வலையமைப்பு பலரை ஒரே பொது முகவரிக்குப் பின்னால் வைக்கும்போது, வெளியிலிருந்து வரும் நேரடி இணைப்பு உள்ளே வந்து சேராமல் நிற்கும். அதற்கு வீட்டு ரவுட்டரில் போர்ட் திறந்தும் பயன் இல்லை, ஏனென்றால் தடை இருப்பது வீட்டுக்கு வெளியே. புதுக்குடியிருப்பில் ஒரு பிள்ளையும் ரொறன்ரோவில் அதன் மச்சானும் ஆடுவதாக இருந்தால், தனக்கென்று பொது முகவரி உள்ள இணைப்பு வைத்திருப்பவர் யாராவது ஒருவராவது இருப்பது நல்லது. இருவரும் முதலில் ‘அணி’யாகச் சேர வேண்டும், அணி நால்வர் வரை. அணியில் இருப்பவர்களை ஒரே களத்தில் விடவே விளையாட்டு முயலும். அதனால் குழு வேறு, அணி வேறு என்பதைக் கையேடு கண்டிப்பாகக் காக்க வேண்டும். நேரமும் பார்க்க வேண்டும். கோடையில் ரொறன்ரோ நமக்கு ஒன்பதரை மணித்தியாலம் பின்னால். இங்கே இரவு சாப்பாடு முடியும்போது அங்கே காலை.

மறுப்பு இருந்தால் தயங்காமல் எழுதுங்கள்.

அன்புடன்,
கிளிநொச்சியிலிருந்து

---

அண்ணா, வணக்கம்.

வளவு, களம் இரண்டும் அருமை. இசைவுக்குழுதான் எனக்கு உறுத்துகிறது. நேற்றுப் பின்னேரம் வகுப்பில் மாணவர்களிடம் சொல்லிப் பார்த்தேன். முன் வரிசையில் இருந்தவள், “ரீச்சர், பாட்டுக் குழுவா?” என்று கேட்டாள். அனுமதிக்குழு என்றால் என்ன?

முல்லைத்தீவிலிருந்து

---

நண்பருக்கு,

வளவு எங்கள் பக்கம் எல்லோருக்கும் தெரியும் என்று சொல்ல முடியாது, ஆனாலும் கற்றுக்கொள்ள வேண்டிய சொல். இசைவுக்குழுவைவிடத் ‘தனிக்குழு’ எளிமை. இரண்டு நாட்டுக்கும் பொது. அதையே வைத்துவிடலாமே?

கோயம்புத்தூரிலிருந்து

---

தங்கைக்கும் கோவை நண்பருக்கும்,

தனிக்குழு என் பட்டியலிலும் முதலில் இருந்தது. அதை விட்டதற்குக் காரணம் எலைட்டின் பட்டியில் மூன்று வழிகளும் ஒன்றன்கீழ் ஒன்றாக வருவதுதான். கடைசி வழி ஒருவர் மட்டும் ஆடுவது. அதற்குத் ‘தனியாட்டம்’ என்பதைத் தவிர இயல்பான பெயர் இல்லை. தனிக்குழுவும் தனியாட்டமும் அடுத்தடுத்து நின்றால், அவசரத்தில் தட்டும் பிள்ளை தனியாட்டத்துக்குள் போய் மச்சானைத் தேடிக்கொண்டிருக்கும். ‘திறந்த ஆட்டம், இசைவுக்குழு, தனியாட்டம்’ என்று வாய்விட்டு வாசித்துப் பாருங்கள்; மூன்றும் மூன்றாகக் கேட்கின்றன.

தங்கை, அனுமதிக்குழு என்றால் மணல் அகழ அனுமதி கொடுக்கும் குழு என்றுதான் நம் ஊரில் விளங்கும். உங்கள் மாணவியின் கேள்வி நியாயமானது. ஆனால் அதே மாணவி உயிரியலில் ‘இசைவாக்கம்’ படிக்கிறாள். பாலைவனத் தாவரம் சூழலுக்கு இசைவது அங்கே பாட்டு அல்ல என்று அவளுக்குத் தெரியும். ஆர்முடுகலை (முடுக்கம்) கூடத் தயக்கமின்றிச் சொல்லும் பிள்ளைகள் இவர்கள். முதல் தடவை ‘சேர்க்க இசைந்தவர்கள் மட்டும் ஒருவரை ஒருவர் காணும் குழு’ என்று ஒரு வரி விளக்கம் போடுகிறேன். அந்த வரியோடு வகுப்பில் இன்னொரு தடவை கேட்டுப் பாருங்கள். அப்போதும் பாட்டு என்று சொன்னால் சொல்லை மாற்ற நான் தயார். ஆனால் ‘தனி’ திரும்பி வரக் கூடாது.

கையேட்டின் அந்த அத்தியாயத்தை இந்தச் சொற்களோடு திருத்தி நாளைக்கு அனுப்புகிறேன். எரிபொருள் தீர்ந்த கதையை அதில் படத்தோடு போட வேண்டும். படம் வரையக்கூடியவர் யாராவது வவுனியாப் பக்கம் இருந்தால் சொல்லுங்கள்.

கிளிநொச்சியிலிருந்து