திடலில் இறுதி ஆட்டம்: இரண்டு கேள்விகள், யோசனை சொல்லுங்க

நண்பர்களே, 2026 கால்பந்து உலகக்கோப்பை இறுதி ஆட்டம் நம்ம நேரப்படி ஜூலை 20 அதிகாலை 12.30-க்கு. ஊர்த் திடலில் 12 அடி திரை, 3500 லூமன் புரொஜெக்டர், சுமார் 200 பேர். கட்டணம் கிடையாது.

மூன்றரை மணி நேரத்துக்குக் குறையாமல் திட்டமிடுகிறோம். 2022-இல் கத்தாரின் லுசைலில் நடந்த இறுதியில் 79 நிமிடம் வரை அர்ஜென்டினா 2-0. அடுத்தடுத்த நிமிடங்களில் பிரான்ஸின் எம்பாப்பே இரண்டு கோல் போட, ஆட்டம் கூடுதல் நேரம், 3-3, பெனால்ட்டி ஷூட்அவுட் வரை போனது. அந்த நேரத்தில் கரண்ட் போனால் ஜெனரேட்டர் மட்டும் போதாது. செட்டாப் பாக்ஸ் திரும்ப எழவே ஓரிரு நிமிடம் ஆகும். அதனால் பாக்ஸ், புரொஜெக்டர் இரண்டும் யூபிஎஸ்ஸில்.

இணைய ஸ்ட்ரீம் வேண்டாம் என்று முடிவு. டிஷ்ஷைவிடப் பல நொடிகள் பின்தங்கும். பக்கத்து வீட்டுக் கூச்சலே கோலைச் சொல்லிவிடும். புரொஜெக்டரில் மோஷன் ஸ்மூத்திங்கையும் (இடையில் செயற்கைப் படங்களைச் சேர்த்து அசைவை மென்மையாக்கும் வசதி) அணைத்துவிடுவோம், வேகமான பாஸில் பந்து இழுபடுகிறது.

சிக்கல் இதுதான்: பாக்ஸிலிருந்து புரொஜெக்டருக்கு 20 மீட்டர். சாதாரண எச்டிஎம்ஐ கேபிளில் படம் விட்டுவிட்டு வருகிறது, படத் தெளிவை 1080-க்குக் குறைத்த பிறகும். ஒளியிழை வழியே அனுப்பும் ஆப்டிகல் எச்டிஎம்ஐ வாங்கலாமா, நெட்வொர்க் கேபிள் வழியே அனுப்பும் கேட்-6 எக்ஸ்டெண்டர் போதுமா? எக்ஸ்டெண்டரில் எச்டிசிபி (நகலெடுப்பைத் தடுக்கும் பாதுகாப்பு) ஒத்துப்போகாமல் திரை கறுத்துப்போகுமோ என்ற பயம் இருக்கு.

இலவசத் திரையிடலுக்கும் ஒளிபரப்பு உரிமையாளரிடம் அனுமதி வாங்கியவர்கள் இருந்தால், எத்தனை நாள் முன்னால் விண்ணப்பித்தீர்கள் என்றும் சொல்லுங்க.